முழு வாக்கியத்தில் பதில் எழுதியவள்

படிவம் நிரப்பிக் கொடுக்கிற வேலைக்குச் சம்பளம் இல்லை, நன்றி மட்டும்தான் என்று சொல்லித்தான் என்னைச் சேர்த்துக்கொண்டார்கள். அந்த நன்றியைத் தாங்குவதுதான் கஷ்டம் என்று யாரும் சொல்லவில்லை.

லண்டன் நோர்பரியில் ஒரு சர்ச்சின் பின்கூடம். செவ்வாய், வியாழன், காலை பத்து முதல் ஒரு மணி வரை. வருகிறவர்கள் முக்கால்வாசி யாழ்ப்பாணத்துக்காரர்கள். நான் திருச்சிக்காரி. கணவருக்கு பாங்கில் கம்ப்யூட்டர் வேலை, பிள்ளைகள் இரண்டும் யூனிவர்சிட்டி விடுதிக்குப் போயாகிவிட்டது, நான் வாஷிங் மெஷினோடு சண்டை போட்டுக்கொண்டிருந்தேன். கூடத்தை நடத்துகிற செல்வா அண்ணை, ரிட்டயரான தபால்காரர், ஒரு கல்யாண வீட்டில் என் இங்கிலீஷைக் கேட்டுவிட்டு விடாப்பிடியாக இழுத்து வந்தார். எந்த ஊரிலாவது, எந்தக் குடும்பத்திலாவது, 'உனக்குத்தான் இங்கிலீஷ் வருமே' என்று அரசாங்கத்தின் பழுப்பு உறையை மடியில் போட்டுவிட்டுப் போன அனுபவம் உள்ள எல்லோருக்காகவும் இதை எழுதுகிறேன். உங்கள் முதுகுவலி எனக்குத் தெரியும்.

திறப்பு எங்கே?

ஒரு செவ்வாய்க்கிழமை கவுன்சிலிலிருந்து வழுவழுப்பான துண்டுப் பிரசுரம் ஒரு கட்டு வந்தது. உடல் ஊனத்துக்காக அரசாங்கம் தருகிற பெனிபிட் பணம் வாங்குகிறவர்கள் வீட்டுக்கு அரசாங்கச் செலவில் இன்டர்நெட். கம்ப்யூட்டர் இரவல், மாதக் கட்டணம் அவர்களே கட்டுவார்கள், பெனிபிட் இருக்கும்வரை உதவியும் இருக்கும். அட்டையில் சக்கர நாற்காலியில் ஒரு வெள்ளைக்காரப் பெண் கீபோர்டைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தாள். கூடத்தில் இருந்தவர்கள் எல்லோரும் அவளைப் பார்த்துச் சிரித்தார்கள். திருப்பினால், விண்ணப்பிக்க எங்கள் இணையதளத்துக்கு வரவும்.

போன் செய்தேன். நாற்பது நிமிஷம் பியானோ வாசித்தார்கள். பிறகு வந்த பெண், எல்லா விவரமும் இணையதளத்தில் இருக்கிறதே என்றாள். இன்டர்நெட் இல்லாதவர்களுக்குத்தானே இந்த உதவி, அவர்கள் எப்படி வருவார்கள் என்றேன். நல்ல கேள்வி என்று பாராட்டினாள். அந்தப் பாராட்டோடு மூன்று வாரம் போராடித்தான் காகிதப் படிவம் வாங்கினேன். சாவியைத் திறப்பு என்கிற ஊர்க்காரரான செல்வா அண்ணை தேநீர்க் கோப்பையைக் கீழே வைக்காமலே சொன்னார்: "கடைத் திறப்பைக் கடைக்குள்ளயே வச்சுப் பூட்டிப்போட்டு, உள்ளுக்கு வாங்கோ எண்டு கூப்பிடுறாங்கள்."

அம்மன் தேருக்குப் பின்னால்

நடராசா ஐயாவுக்குச் சர்க்கரையில் வலது பாதம் போய்விட்டது. ஜெர்மனியில் கடை வைத்திருந்து பிறகு லண்டன் வந்தவர். செய்தித்தாள் வாங்கக் கடைத்தெருவுக்குப் போக முடியவில்லை, இன்டர்நெட் வந்தால் ஊர்ச் செய்தியை வீட்டிலிருந்தே படிக்கலாம் என்று வந்தார். அவருடைய பெனிபிட் முடிகிற தறுவாயில் இருந்தது. அதை முதலில் புதுப்பிக்க வேண்டும். படிவத்தில் கேள்வி: உதவியில்லாமல் எவ்வளவு தூரம் நடப்பீர்கள்?

"போன ஆடியில வெஸ்ட் ஈலிங் அம்மன்ர தேருக்குப் பின்னால ஒரு வீதி முழுக்க நடந்தனான்" என்றார் நெஞ்சை நிமிர்த்தி. அவர் மனைவி குறுக்கே வந்து, "ரெண்டு பெடியளும் கக்கத்தில தாங்கிக்கொண்டு போனவங்கள். வந்து மூண்டு நாள் பாயும் படுக்கையும்" என்றார். நான் சொன்னேன்: அந்த மூன்று நாளை எழுதுவோம், தேரை விட்டுவிடுவோம். எங்கள் ஆட்களின் வழக்கம் உங்களுக்குத் தெரியும்தானே. அதிகாரி வீட்டுக்கு வந்தால் பட்டுப் புடவை கட்டி, தள்ளாடிப் போய்த் தேநீர் போட்டுக் கொண்டுவந்து, 'நல்லா இருக்கிறம்' என்பார்கள். இல்லாததைக் காட்டிக் கேட்பது வெட்கம், இருப்பதைக் காட்டி உபசரிப்பது கௌரவம். நடராசா ஐயா என் கையிலிருந்து படிவத்தை இழுத்துக்கொண்டார். "அம்மன்ர விசயத்தை மறைச்சு வாற காசு எனக்கு வேண்டாம் தங்கச்சி. நானே எழுதுறன்."

கைப்பேச்சு

சுகந்தியை அவள் அம்மா புவனேசக்கா கூட்டி வந்தார். இருபத்தொன்பது வயது, இரண்டு வயதில் வந்த காய்ச்சலில் காது போனவள். அதே காய்ச்சல் அதே வாரத்தில் தங்கை வதனியின் காதையும் கொண்டுபோனது. போருக்குள் பள்ளிக்கூடம் எங்கே. அக்காவும் தங்கையும் தங்களுக்கென்று கைகளால் ஒரு பேச்சை உண்டாக்கிக்கொண்டார்கள். அது இங்கிலீஷ்காரர்களின் கைமொழி இல்லை, வேறு யாருடையதும் இல்லை. அதைப் பேச உலகத்தில் இரண்டு பேர், அரைகுறையாய்ப் புரிந்துகொள்ள புவனேசக்கா ஒருவர். வதனி பாரிஸில். கணவனுக்கும் காது கேட்காது. ஏழு மாதக் கர்ப்பம். அவளுக்கு அங்கே தங்க அனுமதிப் பேப்பர் கிடைக்கவில்லை, புவனேசக்காவுக்குப் பயணப் பத்திரம் இல்லை. இந்தப் பக்கமும் வர முடியாது, அந்தப் பக்கமும் போக முடியாது. போன் இருந்து என்ன செய்வது? எழுத்தோ இருவருக்கும் நாலு சொல்லுக்கு மேல் ஓடாது.

கோலியர்ஸ் வுட்டில் உறவுக்காரர் வீட்டுக் கம்ப்யூட்டரில் மூன்று ஞாயிற்றுக்கிழமை கேமரா வைத்துப் பேசியிருக்கிறார்கள். தடவைக்கு இரண்டு மணி நேரம். நாலாவது ஞாயிறு அந்த வீட்டுக்காரம்மா பூட்டிக்கொண்டு வெளியே போய்விட்டாராம். இதைப் புவனேசக்கா சொல்லிக்கொண்டிருக்கும்போது சுகந்தி என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். மூக்குக் கண்ணாடியை நுனிக்கு இறக்குவதுபோல் விரலால் காட்டி, காற்றில் விறுவிறுவென்று கிறுக்கி, கடைசியில் ஒரு புள்ளி குத்தினாள். நான் புள்ளி வைப்பது அப்படித்தான், காகிதம் கிழிகிற மாதிரி. என்ன சொல்கிறாள் என்று கேட்டேன். புவனேசக்கா கொஞ்சம் கூச்சத்தோடு சொன்னார்: "அது உங்களுக்கு அவள் வச்ச பேர் தங்கச்சி. கோவிக்காதேங்கோ, எனக்கு வச்ச பேர் இதைவிட மோசம்."

டார்ச் லைட்

அவர்கள் விண்ணப்பம் ஒரே தடவையில் தேறியது. இரவல் கம்ப்யூட்டர் வந்தது, லைன் வந்தது, கேமராவை நான் வாங்கிக் கொடுத்தேன். பிறகு இரண்டு மாதம் அவர்கள் பக்கமிருந்து சத்தமே இல்லை. காரியம் முடிந்ததும் மறந்துவிட்டார்கள் என்று வழக்கம்போல் செல்வா அண்ணையிடம் பொரிந்துவிட்டு, ஒரு மத்தியானம் நேரில் திட்டிவிட்டு வரலாம் என்று போனேன்.

வதனிக்குக் குழந்தை பிறந்திருந்தது. பெண். நல்ல காது. ஆனால் அது அழுதால் அந்த வீட்டில் கேட்க ஆளில்லை. கணவன் வேலைக்குப் போனபின் வதனி குழந்தைக்குப் பக்கத்திலிருந்து நகர முடியாமல், அடுப்பைப் பார்க்க முடியாமல், குளிக்கக்கூட முடியாமல் இருந்திருக்கிறாள். அதற்கு இவர்கள் ஒரு வழி கண்டுபிடித்திருந்தார்கள். காலை முதல் சாயந்திரம் வரை இரண்டு பக்கமும் கம்ப்யூட்டர் திறந்தே இருக்கும். குழந்தை பாரிஸில் தூங்கும். புவனேசக்கா லண்டனில் வெங்காயம் உரித்துக்கொண்டே காது கொடுத்திருப்பார். அழுகை கேட்டால் சுகந்தியின் தோளைத் தட்டுவார். சுகந்தி ஒரு பெரிய டார்ச் லைட்டைக் கேமராவுக்கு நேரே பிடித்து அணைத்து அணைத்து எரிப்பாள். பாரிஸில் திரை முழுக்க வெளிச்சம் வெட்டும். வதனி வீட்டில் எந்த மூலையில் நின்றாலும் ஓடி வருவாள்.

நான் இருந்த ஒரு மணி நேரத்தில் மூன்று தடவை நடந்தது. மூன்றாவது தடவை வதனி குழந்தையைத் தூக்கி அதன் கையைப் பிடித்து எங்களுக்கு ஆட்டினாள். திட்டுவதற்கென்று கொண்டுபோயிருந்ததை எல்லாம் அப்படியே திரும்பக் கொண்டுவந்துவிட்டேன். வாசலில் புவனேசக்கா சொன்னார்: "அந்தக் காய்ச்சலுக்குப் பிறகு ரெண்டு பிள்ளையளும் கூப்பிட்டு நான் கேட்டதே இல்லை. இப்பதான் என்ர காதுக்கு ஒரு வேலை கிடைச்சிருக்கு."

நிரப்பியவர் பெயர்

நாலு மாதம் கழித்து சுகந்தியின் பெனிபிட் புதுப்பிக்க வேண்டி வந்தது. நாற்பது பக்கப் படிவம். போன தடவை ஆஸ்பத்திரியில் யாரோ ஒரு அதிகாரி நிரப்பிக் கொடுத்ததாம். இந்த முறை நான்.

என்னைப் படிக்கவைத்த கன்னியாஸ்திரீகள் இரண்டு விஷயத்தில் மன்னிப்பே தரமாட்டார்கள். பதில் முழு வாக்கியத்தில் இருக்க வேண்டும். மை சிந்தக் கூடாது. அந்தப் பழக்கம் விரலில் ஊறிப்போனது. 'நான்' என்று தொடங்கி, சுகந்தியாகவே உட்கார்ந்து, அவள் தனிமையை, கதவு மணி கேட்காத பயத்தை, கடையில் கையை நீட்டி நீட்டிக் காட்டுகிற அவமானத்தை, இடம் போதாமல் நாலு தாள் இணைத்து எழுதினேன். எழுதும்போது எனக்கே கண் கலங்கியது. இப்போது நினைத்தால் அதுதான் சந்தேகப்பட வேண்டிய இடம்.

கடைசிப் பக்கத்தில் ஒரு கட்டம். இந்தப் படிவத்தை வேறொருவர் நிரப்பியிருந்தால் அவர் பெயர். பேனாவை வைத்தேன். புவனேசக்கா என் கையைப் பிடித்தார். ஜெர்மனியிலிருந்து சுகந்திக்கு ஒரு சம்பந்தம் வந்திருந்ததாம். பிள்ளை எழுதவும் தெரியாதவள் என்று அரசாங்கக் காகிதத்தில் பதிந்துவிட்டால் எங்காவது வெளியே வருமோ என்று பயம். வெளியே வராது என்று விளக்கப் பத்து நிமிஷம் போதும். பின்னால் ஆறு பேர் காத்திருந்தார்கள், எனக்கோ பொறுமை பிறவியிலேயே குறைவு. சரி, காலியாக இருக்கட்டும் என்றேன். உறையில் போடுமுன் செல்வா அண்ணை ஒருதரம் படித்துப் பார்த்து, கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டு சொன்னார்: "இதைப் படிச்சால் பெனிபிட் என்ன, வேலையே குடுப்பாங்கள்."

ஆறு வாரம் கழித்து

தீர்மானக் கடிதத்தை உறை பிரிக்காமலே கொண்டுவந்தார்கள். நான்தான் பிரித்தேன், நான்தான் கூடத்துக்குக் கேட்கிற மாதிரி உரக்கப் படிக்கத் தொடங்கினேன், நாலாவது வரியில் குரலைத் தணித்ததும் நான்தான். விண்ணப்பதாரர் தம் நிலையைத் தாமே மிகத் தெளிவாகவும் விரிவாகவும் எழுத்தில் விளக்கியுள்ளார். எழுத்து வழியாக எவருடனும் தொடர்புகொள்ளும் ஆற்றல் அவரிடம் இருப்பது தெரிகிறது. ஆகவே தொடர்புகொள்ளப் பிறர் உதவி தேவை என்று கருத இடமில்லை. பெனிபிட் நிறுத்தப்படுகிறது. சான்றுக்கு என் வாக்கியங்களையே இரண்டு எடுத்துப் போட்டிருந்தார்கள், கமா ஒன்று குறையாமல்.

பெனிபிட் போனால் இன்டர்நெட்டும் போகும் என்று புவனேசக்காவுக்குத் தெரியும். அதை அவர் கேட்கவில்லை. சுகந்தி கடிதத்தை வாங்கி அந்த இரண்டு வாக்கியத்தின் மேலும் விரலை ஓட்டினாள். பிறகு என் பெயரைச் செய்தாள்: கண்ணாடி, கிறுக்கல், புள்ளி. அதன்பின் கைகள் வேகமாக ஓடின. புவனேசக்கா நிலத்தைப் பார்த்துக்கொண்டே எனக்குச் சொன்னார்: "உங்களை மாதிரி எனக்கு எழுதத் தெரிஞ்சால் நான் ஏன் உங்களிட்டை வந்து நிக்கிறன் எண்டு, நீங்கள் அவையளைக் கேக்கட்டாம்."

அவரையே பேசச் சொல்லுங்கள்

போன் செய்தேன். மறுபடி பியானோ. இந்தப் படிவத்தை எழுதியது நான், விண்ணப்பதாரருக்கு எழுத வராது என்று சொன்னேன். மறுமுனையில் ஒரு இளைஞன், மிகவும் மரியாதையானவன். அடுத்தவர் விஷயத்தை என்னிடம் பேச அவனுக்கு அனுமதி இல்லை, விண்ணப்பதாரர் ஒரே ஒரு நிமிஷம் லைனில் வந்து சம்மதம் சொன்னால் போதும் என்றான். அவருக்குக் காது கேட்காது, பேச்சும் வராது என்றேன். புரிகிறது மேடம் என்றான். சுகந்தி எதிரே உட்கார்ந்து என் முகம் சிவப்பதைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

செல்வா அண்ணை மெதுவாக, "நீங்களே சுகந்தியாக் கதையுங்கோவன்" என்றார். முறைத்தேன். ஏற்கெனவே சுகந்தியாக எழுதித்தான் இந்தக் கதி. இனிச் சுகந்தியாகப் பேசினால் விண்ணப்பதாரருக்குச் சரளமாகப் பேசவும் வரும் என்று எழுதிக்கொள்வார்கள். இந்தப் பெண்ணைக் கடைசியில் எந்தக் குறையும் இல்லாதவளாக ஆக்கிவிடுவேன். தயவுசெய்து நோட்டில் குறித்துக்கொள்ளுங்கள் என்று மட்டும் கெஞ்சினேன், கான்வென்ட் இங்கிலீஷ் எல்லாம் எங்கோ போய். அவன் உண்மையிலேயே வருத்தத்தோடு சொன்னான், இங்கிலீஷில் சொன்னதைத் தமிழில் தருகிறேன்: "அவர் எழுதுகிற கையெழுத்து அவ்வளவு அழகாக இருக்கிறதே மேடம், ஒரு கடிதம் எழுதச் சொல்லுங்களேன்."

நடராசா ஐயாவின் படிவம்

அந்த வாரமே நடராசா ஐயா லட்டுப் பெட்டியோடு வந்தார். பல மாதம் இழுத்தடித்து ஒருவழியாகப் பெனிபிட் புதுப்பித்தாயிற்று, இன்டர்நெட்டும் வரப்போகிறது. எழுதியதன் நகலைக் காட்டச் சொன்னேன். நடக்கிற தூரம் என்ற கேள்விக்குக் கீழே, கொட்டை இங்கிலீஷ் எழுத்தில், வரி கோணலாக, நாலு சொல் நாலு சொல்லாக இருந்தது. கோயில் நடந்தேன். மகன் இரண்டு பேர் பிடித்தார். பிறகு மூன்று நாள் நடக்கவில்லை. வலி. ஒரு வினைச்சொல்லும் உருப்படியாக இல்லை. கட்டத்துக்கு வெளியே ஒரு தேநீர்க் கறை.

தேரை மறைக்கச் சொன்னவள் நான். மனிதர் அதைக் குத்திக்காட்டவில்லை, அதனால் இன்னும் குத்தியது. எப்படி இவ்வளவு சுருக்கமாக எழுதினீர்கள் என்று, கேட்கக் கூடாத குரலில் கேட்டேன். அவர் லட்டை என் பக்கம் தள்ளினார். "எனக்குத் தெரிஞ்ச இங்கிலீசில உள்ளதை மட்டும்தான் எழுத ஏலும் தங்கச்சி. கூட்டிச் சொல்ல எனக்குச் சொல் காணாது."

காணும்

மேல்முறையீடு போட்டோம். இந்த முறை சுகந்தியின் கையாலேயே. ஒரு மணி நேரம் பேனாவை அழுத்திப் பிடித்து மூன்று வரி எழுதினாள்: பேபி அழும். நான் கேட்காது. அம்மா கேட்கும். அதன் கீழே ஒரு டார்ச் லைட் படம். நான் ஒரு எழுத்தைத் தொடவில்லை. முதல் படிவத்தை எழுதியது நான் என்று தனியே ஒரு ஒப்புதல் கடிதமும் வைத்தேன். விசாரணைக்குத் தேதி வரும், பல மாதம் ஆகலாம் என்று பதில் வந்தது. பாரிஸில் குழந்தை அழுதால் விளக்கு எரிகிற கருவி தருவார்களாம். அதற்கும் படிவம், வதனிக்குப் பேப்பர் வந்தபிறகு.

இரவல் கம்ப்யூட்டரை எடுத்துப்போக ஆட்கள் வரும் காலையில் நானும் போனேன். கணவரின் பழைய லேப்டாப்பைப் பையில் வைத்திருந்தேன், லைனை என் பெயரில் எடுத்துக் கட்டணமும் நானே கட்டுவதாகச் சொல்ல. திரையில் வதனி குழந்தையை மடியில் வைத்துக்கொண்டிருந்தாள். சுகந்தி ஏதோ சொன்னாள், நடுவில் என் பெயர் வந்தது, வதனி என்னைப் பார்த்தாள். இரண்டு ஆட்களும் வந்து, ஷூவைக் கழற்றி வைத்துவிட்டு, சாரி சொல்லிக்கொண்டே பிளக்கைப் பிடுங்கினார்கள். திரை இருந்த இடத்தில் சுவரில் ஒரு சதுரம் மட்டும் வெளிறாமல் இருந்தது. சுகந்தி டார்ச்சைக் கையிலேயே வைத்திருந்தாள்.

லேப்டாப்பை மேசையில் வைத்தேன். புவனேசக்கா அதைத் துணி மடிப்பதுபோல் பையால் மூடி என் கையிலேயே திருப்பிக் கொடுத்தார். விசாரணை முடியுமுன் வெளியிலிருந்து உதவி வாங்கியது தெரிந்தால், அதையும் ஒரு காரணமாக எழுதிவிடுவார்கள் என்ற பயம். அப்படி எழுத மாட்டார்கள் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. யாழ்ப்பாணத்தில் போதும் என்பதைக் காணும் என்பார்கள். கதவுவரை வந்து, கோபம் துளியும் இல்லாத குரலில் சொன்னார்: "இவ்வளவும் செய்ததே காணும் தங்கச்சி."

இப்போதும் செவ்வாய், வியாழன் அந்தக் கூடத்தில் உட்கார்ந்துதான் இருக்கிறேன், ஒரு முழு வாக்கியமும் வந்துவிடாமல் பார்த்துக்கொண்டு, கோணலும் மாணலுமாய், நிரப்பியவர் பெயர் என்ற கட்டத்தில் மட்டும் என் பெயரைக் காகிதம் கிழிகிற அளவு அழுத்தி எழுதிக்கொண்டு.